பஞ்சில் ஒட்டிய பழுப்பு

துபாயிலிருந்து சித்தப்பா கடிதம் எழுதமாட்டார். கேசட்டில் பேசி, ஊருக்கு வருகிற யாரிடமாவது கொடுத்தனுப்புவார். வீட்டுக் கூடத்து டூ-இன்-ஒன்னில் போட்டால், "அம்மா, நல்லாருக்கியா? கால்வலி தேவலையா?" என்றுதான் தொடங்கும். அந்த இடத்தை மட்டும் ரீவைண்ட் பண்ணச் சொல்லிப் பாட்டி திரும்பத் திரும்பக் கேட்பாள். அடுத்த கேசட் வர ஆறு மாதம் ஆகும். அதுவரை இதுதான்.

இசையமைப்பாளர் வில்லியம் பசின்ஸ்கியின் 'தி டிசின்டக்ரேஷன் லூப்ஸ்' ஆல்பத்தைக் கேட்கும்போதெல்லாம் அந்தக் கூடத்தில்தான் போய் உட்கார்ந்துகொள்கிறேன். 1980களில் அவர் டேப்பில் பதிந்து, வெட்டி, வளையமாக ஒட்டிவைத்த இசைத் துணுக்குகள். 2001 கோடையில் நியூயார்க்கில் அவற்றை டிஜிட்டலுக்கு மாற்ற ஓடவிட்டார். ஓட ஓட, டேப்பின் மேல் பூசியிருந்த இரும்பு ஆக்சைடு உதிர ஆரம்பித்தது. அவர் நிறுத்தவில்லை. உதிர்வதையும் சேர்த்தே பதிந்தார். செப்டம்பர் 11 தாக்குதல் நாளன்று புரூக்ளின் மொட்டைமாடியிலிருந்து, வெளிச்சம் மங்கும்வரை எதிர்க்கரைப் புகையை வீடியோ எடுத்தார். பிறகு அந்தக் காட்சியோடு இசையைச் சேர்த்து, மாண்டவர்களுக்குச் சமர்ப்பித்தார்.

நான் முதலில் கேட்டது 128 கேபிபிஎஸ் எம்பி3. காதுக்கு எட்டாது என்று தான் கணிப்பதையெல்லாம் கழித்துவிடுகிற வடிவம் அது. டேப்பின் மெல்லிய இரைச்சல் அதில் தண்ணீருக்குள் குமிழியிடுவதுபோல் நெளிந்தது. டேப் இழந்தது எது, எம்பி3 கழித்தது எது என்று பிரிக்க முடியவில்லை.

பல வருடம் கழித்து ஃப்ளாக் கோப்பு கிடைத்தது. ஃப்ளாக் வடிவத்தின் முதல் முழுப் பதிப்பும் அதே 2001 கோடையில், ஜூலையில்தான் வெளிவந்திருக்கிறது. கோப்பைச் சுருக்கும், விரித்தால் ஒரு பிட்கூடக் குறையாது. இரவு ஹெட்போனில் முதல் பகுதியைப் போட்டேன். ஒரு மணி நேரத்துக்கும் மேல். கொம்பு வாத்தியம்போல ஒரு சின்ன மெட்டு, சில நொடிதான், திரும்பத் திரும்ப வருகிறது. வெகுநேரம் ஒன்றும் ஆகாததுபோல் இருக்கும். பிறகு ஒரு சுரத்தின் ஓரம் சொரசொரவென்றாகும். அடுத்தடுத்த சுற்றுகளில் அங்கே ஒரு பள்ளம். கடைசியில் மெட்டு இருந்த இடத்தில் முணுக்கென்று ஓர் ஒலி மட்டும், சுற்றிலும் வெறுமை. அந்த வெறுமை எவ்வளவு சுத்தமானது என்று அன்றுதான் கேட்டேன். இந்த ஆல்பத்தை இப்படி எதையும் இழக்காத லாஸ்லெஸ் வடிவத்தில்தான் கேட்க வேண்டும் என்று பார்க்கிறவர்களிடமெல்லாம் சொல்லிக்கொண்டிருக்கிறேன்.

சித்தப்பாவின் கேசட்டிலும் அந்த முதல் வரி இப்படித்தான் போனது. "கால்வலி" முதலில் மங்கியது. அப்புறம் "நல்லாருக்கியா". "அம்மா" மட்டும் கொஞ்சநாள் நின்றது. பாட்டிக்கு அது போதுமாயிருந்தது. அந்தக் கேசட் இப்போது இல்லை, பாட்டியும் இல்லை.

மாதம் ஒருமுறை அப்பா பஞ்சில் ஸ்பிரிட் தொட்டு டூ-இன்-ஒன்னின் டேப் ஹெட்டைத் துடைப்பார். பஞ்சில் பழுப்பாக ஒட்டிக்கொண்டு வரும். அழுக்கு என்றே நினைத்திருந்தோம். ஜன்னல் வழியாகக் கொல்லையில் வீசிவிடுவார்.