கித்தாப்பால் பூசிய மோகன்

நடிகர் எம்.ஆர். ராதாவை எங்கள் ரப்பர் தோட்டத்தில் யாரும் நேரில் பார்த்ததில்லை. ஆனாலும் அந்தக் குரல் எந்த இடத்தில் கரகரக்கும், எந்த இடத்தில் கீச்சென்று ஏறும் என்பது மலேசியாவின் பீடோர் சுற்றுவட்டத்தில் பால்வாளி தூக்கும் பையனுக்குக்கூடத் தெரியும். 1954இல் வந்த ‘ரத்தக்கண்ணீர்’ படம், திடலில் வெள்ளைத் துணி கட்டிப் பலமுறை ஓடியிருக்கிறது. எழுபதுகளில் அவர் மலேசியாவுக்கு வந்து பேசிய பேச்சும் பின்னாளில் ஒலிநாடாவாகிக் கடைத்தெருவுக்கு வந்தது. வாங்கி வந்தவர் வீட்டில் சம்பள நாள் இரவு கூட்டம் கூடும். அடுத்த வீட்டுச் சுவரில் முருகனுக்குப் பக்கத்தில் எம்.ஜி.ஆர். படம். இரண்டுக்கும் நடுவே ஒரே ஒரு பலகைத் தடுப்பு. 1967 ஜனவரி 12ஆம் தேதி எம்.ஜி.ஆரின் ராமாவரம் தோட்டத்து வீட்டில் அவரை நோக்கி ராதா வெடித்த துப்பாக்கியை எங்கள் லயம் மறக்கவேயில்லை. சத்தம் கொஞ்சம் கூடினால் போதும், “சுட்டவன் பேச்சையா கேக்குறீங்க?” என்று பலகையை இடிப்பார்கள். இந்தப் பக்கம் ஒலியை இன்னும் கூட்டுவார்கள்.

படத்தில் பார்த்தது ராதாவின் மிச்சம்தான் என்று இப்போது தோன்றுகிறது. அவருடைய தொழில் மேடை. 1907இல் சென்னையில் பிறந்தவர், சிறுவனாக இருக்கும்போதே வீட்டை விட்டு ஓடி பாய்ஸ் கம்பெனியில் சேர்ந்தார். பள்ளிக்கூடம் அதோடு சரி. நடிப்பு, மின்சார வேலை, மோட்டார் பழுது எல்லாம் கம்பெனி வாழ்க்கையிலேயே கைவந்தன. முப்பதுகளின் பிற்பகுதியில் சில படங்களில் தலைகாட்டிவிட்டு மேடைக்கே திரும்பிவிட்டார். ‘இழந்த காதல்’, ‘லட்சுமிகாந்தன்’, ‘போர்வாள்’, கருணாநிதி எழுதிய ‘தூக்குமேடை’, திருவாரூர் கே. தங்கராசு எழுதிய ‘ரத்தக்கண்ணீர்’ என்று ஊர் ஊராகப் போட்டார். கருணாநிதிக்குக் ‘கலைஞர்’ என்ற பட்டம் வந்ததே ‘தூக்குமேடை’ நாட்களில் ராதா வழியாகத்தான் என்பார்கள். ‘ராமாயணம்’ போட்டபோதுதான் பெரிய வம்பு. மனம் புண்படும் என்று நினைக்கிறவர்கள் என் நாடகத்துக்கு வர வேண்டாம் என்று அவரே விளம்பரம் செய்தார். அரசு 1954இல் நாடகங்களைக் கட்டுப்படுத்தச் சட்டமே கொண்டுவந்தது. எழுத்தாளர் ஞாநி தொடுத்த வழக்கில் சென்னை உயர் நீதிமன்றம் அந்தச் சட்டத்தின் பிடியை உடைத்தது 2013இல். ராதா 1979லேயே போய்விட்டார்.

மேடை ராதாவிடம் இருந்ததாகக் கேள்விப்படுவதும் படத்துக்குள் அடங்காததும் ஒன்று உண்டு. அன்று காலைச் செய்தித்தாளில் வந்தது அன்று ராத்திரி அவர் வசனத்தில் ஏறிவிடும். இன்றைக்குப் பார்த்த நாடகம் நாளைக்கு இருக்காது. இதை எங்கள் சித்தப்பாவுக்கு யாரும் சொல்லிக்கொடுக்கவில்லை. மாரியம்மன் திருவிழாவுக்குத் தோட்டத்து இளைஞர்கள் ‘ரத்தக்கண்ணீர்’ போட்டபோது அவர்தான் கதாநாயகன் மோகன், இயக்குநரும் அவர்தான். பெரட்டுக்கு, அதாவது காலை ஆள் கணக்கெடுப்புக்கு, விடியுமுன் எழ வேண்டியவர்கள், இரவில் ஆயாக் கொட்டகையில் தொட்டில்களை ஒதுக்கிவிட்டு ஒத்திகை பார்த்தார்கள். மோகன் மயங்கும் காந்தாவாக நடிக்கப் பெண் கிடைக்காது. மீசை முளைக்காத வெளிக்காட்டுப் பையன் ஒருவன் சேலை கட்டினான்.

ஒப்பனைதான் அவர்களுடைய சொந்தக் கண்டுபிடிப்பு. அமோனியா ஊற்றாத புது ரப்பர்ப் பாலை, எங்கள் பேச்சில் கித்தாப்பாலை, கொட்டாங்குச்சியில் எடுத்துக் கன்னத்திலும் நெற்றியிலும் தடவி விசிறுவார்கள். காய்ந்ததும் தோலை இறுக்கிப் பிடிக்கும். விரல் நுனியால் ஆங்காங்கே சுருட்டி, ஓரத்தைக் கிள்ளிவிட்டு, அடுப்புக்கரியும் குங்குமமும் தேய்த்தால் மோகனின் பெருநோய் முகம் தயார். உரித்தெடுக்கும்போது சித்தப்பாவின் புருவம் பாதி அதோடு வந்துவிட்டது. மறுநாள் பெரட்டில் பெயர் கூப்பிட்ட மண்டோர் முகத்தைப் பார்த்துவிட்டு அடுத்த பெயரை விட்டுவிட்டார்.

மோகன் பிச்சை கேட்கும் காட்சியில் யாரோ ஒரு வெள்ளியைப் போடுகிறான். சித்தப்பா அதை உள்ளங்கையில் வைத்துத் தூக்கிப் பார்த்தார். “ஒரு வெள்ளியாடா இது? எங்க கிராணி நிறுத்தா எண்பது காசுதான்டா வரும்!” முன்வரிசை நாற்காலியில் பால் எடை பார்க்கும் தோட்டத்துக் கணக்கர், எங்கள் கிராணி, உட்கார்ந்திருந்தார். பாலில் தண்ணீர் என்று சொல்லி எடையைக் குறைப்பதில் பேர்போனவர். திடல் முழுக்கச் சிரித்தது, அவரும் சேர்ந்து சிரித்தார். அடுத்த வாரம் சித்தப்பாவுக்குப் பால் வெட்டக் கிடைத்தது மேட்டு நிரை.

சிரிப்பு மட்டும் என்று நினைத்துவிடக் கூடாது. பெருநோய் எங்கள் ஜனங்களுக்குக் கதையில் வரும் நோய் இல்லை. 1930இல் திறந்த சுங்கை பூலோ குடியிருப்புக்கு அனுப்பப்பட்டவர்களைப் பற்றித் தோட்டங்களில் தாழ்ந்த குரலில்தான் பேசுவார்கள். போனவரின் வீட்டில் சம்பந்தம் பேசவும் யோசிப்பார்கள். அதைவிடப் பலமாக அடித்தது வேறொரு காட்சி. வெளிநாட்டிலிருந்து வந்த மகன் பெற்ற தாயை உதாசீனம் செய்கிறான். அங்கே உட்கார்ந்திருந்த கிழவர்களில் எத்தனை பேர் ஊரில் அம்மாவை விட்டுவிட்டுக் கப்பல் ஏறியவர்கள்! எழுதிய தங்கராசு இந்தக் கூட்டத்தை நினைத்து எழுதியிருக்க மாட்டார். ஆனால் அந்தக் காட்சிக்கு எங்கள் திடலில் ஒருத்தரும் சிரிக்கவில்லை.

சாமி இல்லை என்று முழங்கிய மனிதரின் நாடகம் மாரியம்மன் கோயில் மேடையில் எப்படி ஏறியது என்று பிற்பாடு யோசித்திருக்கிறேன். தப்பு செய்தவனுக்கு நோய் வருகிறது. ஊரே பார்க்க அழுகிச் சாகிறான். பகுத்தறிவு நாடகத்துக்குள் பழைய கர்ம வினையே உட்கார்ந்திருக்கிறது. நோயைத் தண்டனையாகக் காட்டியது அந்த நாடகத்தின் பெரிய பலவீனம் என்றுதான் நினைக்கிறேன், ராதாவின் நடிப்பு எத்தனை பெரிதானாலும். கோயில் பெரியவர்களுக்கு அதில் ஒரு சங்கடமும் இருக்கவில்லை. அவர்கள் மறுத்தது ஒன்றே ஒன்றை: மோகன் தன் மனைவியை நண்பனுக்கு மணமுடித்து வைக்கும் முடிவு. “அது மட்டும் வேணாம் தம்பி, பொம்பளைங்க இருக்காங்க” என்றார்கள். நாடகத்தில் உண்மையிலேயே புரட்சியான இடம் அது ஒன்றுதான். சித்தப்பா அதை வெட்டிவிட்டு, மோகனை முன்கூட்டியே சாகடித்தார்.

ரப்பரை வெட்டிச் செம்பனை நட்டார்கள். லயங்கள் காலியாயின, ஆட்கள் தாமான் வீடுகளுக்கும், பிள்ளைகள் ஈப்போ, கோலாலம்பூர் தொழிற்சாலைகளுக்கும் போனார்கள். கோயில் மட்டும் செம்பனைக்கு நடுவே இருக்கிறது. திருவிழாவுக்குக் கார்களில் வந்து, அன்னதானம் முடிந்ததும் திரும்பிவிடுகிறார்கள். பெரிய நெடுஞ்சாலை வந்த பிறகும் வாத்து மீ சாப்பிடுவதற்காக விலகி வருகிறவர்களால் பீடோர் கடைத்தெரு பிழைத்துக்கொண்டது. சித்தப்பா பழைய சாலையோரம் கொய்யாப்பழமும் பெத்தாயும் விற்கிறார்.

போன தீபாவளிக்கு ராதா மாதிரி ஒரு வசனம் சொல்லச் சொன்னோம். “அதெல்லாம் போன்லயே இருக்கே, எவன் வேணும்னாலும் பாத்துச் சொல்லிருவான்” என்று தள்ளிவிட்டு, கிராணி நிறுவையிலிருந்து தொடங்கி அவர் தானே சேர்த்தவற்றையெல்லாம் வரிசையாகச் சொன்னார். பாதிக்குமேல் எங்கள் பிள்ளைகளுக்குப் புரியவில்லை. கிராணி என்றால் யார் என்று முதலில் விளக்க வேண்டியிருந்தது. மோகனின் அம்மாவாக நடித்தவர் இறந்துவிட்டாராம். காந்தா கிள்ளானில் இருக்கிறார், லாரி ஓட்டி ஓய்வு பெற்று.