அப்பாவின் அரண்மனை!

எங்கள் திருவண்ணாமலையில் சினிமாக்காரர்களுக்கு ஒரு சௌகரியம். காமிராவை எந்தப் பக்கம் திருப்பினாலும் பின்னாலே மலை நிற்கும். வாடகை கிடையாது, மழையில் சாயமும் போகாது!

மற்ற ஊர்களுக்கு ஆர்ட் டைரக்டர் வேண்டும். இந்த ஞானம் எனக்கு ஆபீஸில்தான் வந்தது. பம்பாயிலிருந்து மாற்றலாகி வந்த சீனியரிடம், "நாயகன்ல வர்ற தாராவி உங்க வீட்டுக்குப் பக்கமா சார்?" என்று கேட்டுவிட்டேன். மனுஷர் டீ கிளாஸைக் கீழே வைத்துவிட்டுச் சிரித்தார். "யோவ், அதுல பெரும்பாலும் மெட்ராஸ்ல போட்ட செட்டுய்யா!"

1987-ல் வந்த அந்தப் படத்தை மூன்று தடவை பார்த்தவன் நான். அந்தச் சந்து, அந்தக் குடிசை... எதுவுமே செட் என்று தோன்றவில்லை. போட்டவர் தோட்டா தரணி. அதற்காக தேசிய விருதே கொடுத்தார்கள். கமல் அழுததை நடித்தே காட்டுவேன். தரணி பேர் மட்டும் தெரியாது!

எனக்கு அது சுருக்கென்று தைத்ததற்குக் காரணம் உண்டு. என் அப்பா, நாடகக்காரர்களுக்கு சீன் படுதா எழுதியவர். அரண்மனை, நந்தவனம், காடு, தெரு... நாலு படுதா இருந்தால் எந்த ராஜா கதையும் நடக்கும். பள்ளிக்கூடத்தில், "அப்பா என்னடா பண்றார்?" என்று வாத்தியார் கேட்டால், "பெயின்ட்டர் சார்" என்று முனகுவேன்.

ஒரு ராத்திரி நாடகத்தில், வசனம் மறந்துபோன மந்திரி, சமாளிப்பதற்காக ஸ்டைலாகத் தூணில் சாயப் போனார். அது அப்பா வரைந்த தூண்! படுதாவோடு மந்திரி மல்லாக்க விழ, கூட்டம் விசிலடித்தது. எனக்கு மானமே போச்சு. அப்பாவோ ஓரமாக நின்று சிரித்துக்கொண்டிருந்தார்.

"டேய், தெனம் பாக்கறவனே நெசத் தூணுன்னு ஏமாந்துட்டான் பாத்தியா? இதுக்கு மேல எனக்கு என்னடா மெடல் வேணும்?"

சீமையிலும் இதே கதைதான். பிபிசி டெலிவிஷனின் 'டாக்டர் ஹூ' தொடருக்காக 1963-ல் ரேமண்ட் க்யூஸிக் என்ற டிசைனர், மிளகுத்தூள் டப்பா மாதிரி ஒரு வில்லனை உருவாக்கினார். பேர் டாலெக். குழந்தைகளுக்குப் பைத்தியமே பிடித்தது. டாலெக் பொம்மைகள் விற்றுத் தள்ளின. வருமானத்தில் பங்கு கதாசிரியருக்குப் போயிற்று. க்யூஸிக்தான் நம்மைப் போல மாசச் சம்பளக்காரர் ஆயிற்றே... சின்னதாக ஒரு போனஸோடு சரி! அந்த வேலை முதலில் இன்னொரு டிசைனருக்குப் போக இருந்ததாம். அவர் ரிட்லி ஸ்காட். பிற்பாடு டைரக்டராகி 'கிளாடியேட்டர்' எடுத்தார். உலகத்துக்கே பேர் தெரிந்தது. செட்டுக்குப் பின்னாலேயே நின்றிருந்தால் தெரிந்திருக்குமா?

அப்பா போன பிறகு வீடு மாற்றினோம். பரண் முழுக்க அடைத்துக்கொண்டு கிடந்தது அந்த அரண்மனைப் படுதா. லாரியில் நெல் மூட்டையை மூடுவதற்கு ஆகுமே என்று ஒரு வியாபாரி கேட்டார். காசுகூட வாங்காமல் தூக்கிக் கொடுத்துவிட்டேன். ஆபீஸில் அந்தத் தாராவிப் பேச்சு வந்தது அதற்கு இரண்டு மாசம் கழித்து!

இப்போதெல்லாம் எந்தப் படமானாலும் டைட்டிலில் 'கலை' என்று பேர் வருகிற வரை பக்கத்தில் யாரையும் பேச விடுவதில்லை. வீட்டில் சிரிக்கிறார்கள். சிரிக்கட்டும்.

நெல் லாரி ஏதாவது தெருவில் போனால் மட்டும், மேலே போர்த்தியிருக்கும் துணியின் ஓரத்தில் தூண் தெரிகிறதா என்று இன்னமும் எட்டிப் பார்க்கிறேன்.