வண்டிக்கும் உண்டு புத்தூர் கட்டு!

திருத்தணி மலைக்கு 365 படி. வருஷத்துக்கு எத்தனை நாளோ, அத்தனை. முட்டி ஒத்துழைக்காதவர்களுக்கு வண்டிப் பாதை இருக்கிறது. பழைய அம்பாஸடரில் அதில் ஏறிப் பாருங்கள். 'முருகா!' என்று டிரைவரும் கூப்பிடுவார், இன்ஜினும் கூப்பிடும். ஓரங்கட்டி, பானெட்டைத் தூக்கி, சூடு ஆறியதும் தண்ணீர் ஊற்றினால் மறுபடி கிளம்பிவிடும்.

இங்கிருந்து திருப்பதி ரோட்டில் நகரி தாண்டினால் புத்தூர். கை கால் முறிந்தவர்கள் கட்டுப் போட ஓடுகிற அதே புத்தூர்தான். 1960 ஏப்ரல் 1-ல் திருத்தணி நம் பக்கம் வந்தது. புத்தூர் ஆந்திராவிலேயே நின்றுவிட்டது. எலும்புக்கு ஏது ஸார் மாநில எல்லை?

வண்டிக்கும் இந்த மாதிரி கட்டுப் போட்டு ஓட்டலாம் என்று நம்பி ஆப்பிரிக்காவுக்கே கிளம்பினார்கள் சில வெள்ளைக்காரர்கள். பாரிஸ்-டக்கார் ராலியில் கம்பெனிகள் பணத்தைக் கொட்டுவதைக் கிண்டல் செய்ய, 2000-களின் தொடக்கத்தில் இங்கிலாந்தில் பிறந்தது ப்ளிமத்-பான்ஜுல் சேலஞ்ச். கார் விலை 100 பவுண்டைத் தாண்டக் கூடாது என்பது அன்றைய விதி. ரிப்பேர் பார்க்க 15 பவுண்டு. அவ்வளவுதான் பட்ஜெட்! ஸ்பெயின், மொராக்கோ, மௌரிடேனியா, செனகல் வழியாக காம்பியா போய்ச் சேர வேண்டும். சேர்ந்த வண்டிகள் அங்கே ஏலம். பணம் தர்ம காரியத்துக்கு.

சிரிப்பெல்லாம் மௌரிடேனியா மணல் வரைக்கும்தான். அங்கே டயரில் பாதிக் காற்றை இறக்கிவிட வேண்டும். டயர் அகலமாகப் படிந்தால்தான் மணலில் புதையாது. அப்போது ஒரு இடத்தில் ரோடே இருக்கவில்லை, கடற்கரைதான். அலை உள்வாங்கும் நேரம் பார்த்து ஓட்ட வேண்டியிருந்தது. நடுவில் வண்டி நின்றால் அட்லாண்டிக் சமுத்திரம் வந்து எடுத்துக்கொண்டுவிடும் நிலைமை!

அந்தப் பக்கத்து அம்பாஸடர் என்றால் பெஜோ 504. நைஜீரியாவில் கடூனா நகரத்தில் அசெம்பிள் செய்தார்கள். 1975-லும் 1978-லும் கென்யாவின் சஃபாரி ராலியை ஜெயித்த ஜாதி. டாக்ஸியாகக் கண்டம் முழுக்க ஓடியதற்குக் காரணம் வேகம் இல்லை; எந்த ஊர் மெக்கானிக்கும் பிரித்து மாட்டலாம் என்பதுதான்.

நம் அம்பாஸடர் 2014-ல் நின்றுவிட்டது. இப்போதைய கார்களில் பானெட்டைத் திறந்தால் ஒரு பிளாஸ்டிக் மூடி. அதற்குக் கீழே என்ன இருக்கிறது என்று சொல்ல லேப்டாப் வர வேண்டும். மாசம் தவறாமல் இ.எம்.ஐ. கட்டுகிற நமக்கு ஸ்டெப்னி மாற்றத் தெரியுமா? ராத்திரி பதினோரு மணிக்கு, பக்கத்தில் குடும்பம், செல்போனில் டவர் இல்லை என்றால், நகரி ரோடும் சகாராதான்.

ஞாயிற்றுக்கிழமை திருத்தணி போகிறீர்களா? கிளம்புவதற்கு முன் வீட்டு வாசலிலேயே ஒரு தடவை ஸ்டெப்னி மாற்றிப் பாருங்கள். கூலன்ட் அளவைப் பாருங்கள். சூடான ரேடியேட்டர் மூடியில் மட்டும் கை வைக்காதீர்கள், ஆவி முகத்தில் அடிக்கும்.

மலை ஏறுவதை முருகன் பார்த்துக்கொள்வான். இறங்கும்போது செகண்ட் கியர் போட்டுக்கொண்டு பிரேக்கைக் காப்பாற்ற வேண்டியது நீங்கள்தான்!