காஞ்சி மாநகரில் ஒரு நாள்

தாம்பரத்திலிருந்து சென்னைக் கடற்கரை நோக்கி நாள்தோறும் மின்தொடர் வண்டியில் செல்லும் நம் பங்கு மக்களுள் எத்தனை பேர் பல்லாவரம் என்னும் பெயரின் பொருளை எண்ணிப் பார்த்திருப்பர்? பல்லவபுரம் என்பதே மக்கள் வழக்கில் பல்லாவரம் ஆயிற்று. ஏறத்தாழ 1,400 ஆண்டுகளுக்கு முன் முதலாம் மகேந்திரவர்மன் அங்குள்ள குன்றில் குடைவித்த குகைக்கோயில் ஒன்று இன்றும் உள்ளது. இப்போது அது இசுலாமிய அன்பர்களின் வழிபாட்டிடமாகத் திகழ்கிறது. நாம் வாழும் இப்பகுதி ஒருகாலத்தில் ஒரு பேரரசின் மடியில் கிடந்தது என்பதற்கு இஃது ஒன்றே சான்றாகும். அப்பேரரசின் தலைநகரோ வெகு தொலைவில் இல்லை. இங்கிருந்து இரண்டு மணி நேரப் பயணத்தில் காஞ்சியை அடைந்துவிடலாம்.

சென்ற ஆண்டு நம் பங்கின் அன்பியக் குடும்பங்களை ஒருநாள் காஞ்சிக்கு அழைத்துச் செல்ல எண்ணினோம். அறிவிப்பைக் கேட்ட பக்தியுள்ள பெரியவர் ஒருவர் அறைக்கு வந்து, “சாமி, வேளாங்கண்ணி போகலாம், பரங்கிமலை போகலாம், கோயில் நகரத்தில் நமக்கு என்ன வேலை?” என்று கேட்டார். அவருடைய ஐயத்தை நாம் அலட்சியம் செய்யவில்லை. இரண்டாம் வத்திக்கான் சங்கம் 1965ஆம் ஆண்டு அக்டோபர் 28ஆம் நாள் வெளியிட்ட அறிக்கையில், பிற சமயங்களில் உண்மையும் தூய்மையுமாக உள்ள எதனையும் திருச்சபை தள்ளிவிடுவதில்லை எனத் தெளிவாகப் போதித்திருப்பதை அவருக்கு எடுத்துரைத்தோம். நாம் வழிபடச் செல்லவில்லை. நம் முன்னோரின் கைத்திறனையும் வரலாற்றையும் அறியச் செல்கிறோம். மேலும் 2002ஆம் ஆண்டு உருவான நம் செங்கை மறைமாவட்டத்திற்குள்ளேயே காஞ்சி அமைந்துள்ளது. தம் வீட்டின் ஓர் அறையைப் பாராமலேயே வாழ்நாளைக் கழிப்பவர் உண்டோ? பெரியவர் இசைந்தார், முதல் ஆளாகப் பெயரும் கொடுத்தார்.

ஆனால் வேறொருவரின் பெயரை நாம் மனமுவந்து எழுதவில்லை என்பதை இங்கே ஒப்புக்கொள்ள வேண்டும். நம் பங்கில் கைம்பெண்ணான பாட்டி ஒருவர் இருக்கிறார். அறுபத்தைந்தைக் கடந்தவர். முழங்கால் வலியால் மெல்ல நடப்பவர். “பாட்டி, வெயில் கடுமையாக இருக்கும். நீங்கள் வீட்டிலிருந்து எங்களுக்காக ஒரு செபமாலை சொல்லுங்களேன்” என்றோம். “செபமாலையை வண்டியிலேயே சொல்லிக்கிறேன் சாமி” என்று சொல்லிவிட்டு அவர் பணத்தை மேசைமீது வைத்தார்.

குறித்த நாளன்று காலைத் திருப்பலி முடித்துப் புறப்பட்டோம். கடற்கரை நிலையத்திலிருந்து தாம்பரம், செங்கற்பட்டு வழியாகக் காஞ்சிபுரம் செல்லும் மின்தொடர் வண்டிகள் சிலவே உள்ளன. ஆகவே போகும் நேரத்தையும், அதனினும் முக்கியமாகத் திரும்பும் நேரத்தையும், முன்னரே அறிந்துகொள்ளல் நலம். இவ்வண்டிகளில் கழிப்பறை இல்லை என்பதை முதியோரும் குழந்தைகளும் உள்ள குடும்பங்கள் மறக்கலாகாது. வண்டியைத் தவறவிட்டவர்கள் தாம்பரத்திலிருந்து படப்பை, ஒரகடம், வாலாஜாபாத் வழியாகப் பேருந்தில் செல்லலாம். எனினும் இரயில் பயணத்திற்கு ஓர் இன்பம் உண்டு. செங்கற்பட்டை நெருங்குகையில் கொளவாய் ஏரி இருப்புப்பாதையை ஒட்டியே விரிகிறது. அதன்பின் அரக்கோணம் செல்லும் கிளைப்பாதையில் வண்டி திரும்பியதும் பாலாற்றங்கரை ஊர்கள் ஒவ்வொன்றாக வருகின்றன.

காஞ்சியில் எங்கே தொடங்குவது என்று கேட்பவர்க்கு நம் விடை, கைலாசநாதர் கோயில் என்பதே. நகரின் மேற்கெல்லையில் ஆரவாரமின்றி நிற்கும் இக்கோயிலைத் தொல்லியல் துறை பேணி வருகிறது. எட்டாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இராசசிம்மன் எனப்படும் இரண்டாம் நரசிம்மவர்மன் இதனை எழுப்பினான். மாமல்லபுரத்துக் கடற்கரைக் கோயிலும் அவன் காலத்ததே. அடித்தளம் கருங்கல், மேலே மணற்கல். முற்றத்தைச் சுற்றி 58 சிறு கோயில்கள் மாலையில் கோத்த மணிகளைப்போல் வரிசையாக நிற்கின்றன. அவற்றுள் சிலவற்றின் உட்புறத்தில் பழைய வண்ண ஓவியங்களின் எச்சங்களை இன்றும் காணலாம். கோயிலின் முன்வரிசையிலுள்ள சிற்றாலயம் ஒன்று அரசி ரங்கபதாகை எடுப்பித்தது எனக் கல்வெட்டுக் கூறுகிறது. காலை இளவெயில் மணற்கல்லின்மீது படும் வேளையே இக்கோயிலைப் பார்க்க உகந்தது.

இங்குள்ள தூண் ஒன்றில் கன்னடக் கல்வெட்டு ஒன்று இருக்கிறது. தமிழ்நாட்டுக் கோயிலில் கன்னடம் ஏன்? 642ஆம் ஆண்டில் பல்லவ மன்னன் முதலாம் நரசிம்மவர்மன் சாளுக்கியரின் தலைநகராகிய வாதாபியைக் கைப்பற்றினான். அந்த அவமானத்தைச் சாளுக்கியர் மறக்கவில்லை. ஏறத்தாழ நூறாண்டுகளுக்குப் பின் இரண்டாம் விக்கிரமாதித்தன் படையெடுத்து வந்து காஞ்சியைக் கைப்பற்றினான். பழிதீர்க்கும் நாள் வந்துவிட்டது என்றே எவரும் நினைப்பர். அவனோ நகரை அழிக்கவில்லை. இக்கோயிலின் செல்வத்தைக் கண்டு வியந்தான். அதனைக் கவர்ந்து செல்லாமல் கோயிலுக்கே திருப்பி அளித்தான். அச்செய்தியைத்தான் தன் மொழியில் அங்கே பொறித்து வைத்தான். அவன் வெற்றியைப் போற்ற அவன் தேவி லோகமாதேவி பட்டடக்கல்லில் எழுப்பிய கோயிலில் இக்கைலாசநாதர் கோயிலின் சாயலைக் காணலாம் என அறிஞர் கூறுவர். வென்ற ஊரைக் கொள்ளையிடாது, அதனிடம் கற்றுக்கொண்டு திரும்பிய வெற்றி அது!

இதனையெல்லாம் நாம் உரத்த குரலில் விளக்கிக்கொண்டிருந்தோம். குருமடத்தில் வரலாறு பயின்ற பெருமிதம் நம் குரலில் சற்று மிகுந்தே இருந்திருக்கும். பாட்டி மட்டும் ஒரு தூணைத் தாங்கும் சிங்கத்தின்மேல் கையை வைத்துக்கொண்டு நின்றார். “பிடித்திருக்கிறதா பாட்டி?” என்று கேட்டோம்.

“சாமி, நான் பொறந்தது இந்த ஊர்தான். கல்யாணமாகிப் பல்லாவரம் வர்ற வரைக்கும் பிள்ளையார்பாளையத்திலே இருந்தேன். கூப்பிடு தூரம். இந்தக் கோயிலை இன்னிக்குத்தான் பார்க்கிறேன்.”

மேலும் வினவுவதற்குள் மற்றவர்கள் அழைத்தனர். அடுத்து வைகுண்டப் பெருமாள் கோயிலுக்குச் சென்றோம். எட்டாம் நூற்றாண்டில் இரண்டாம் நந்திவர்மன் எடுப்பித்த இக்கோயிலில் மூன்று தளங்களில் திருமாலின் மூன்று கோலங்கள் அமைந்துள்ளன. நம் கருத்தைக் கவர்ந்தவையோ சுற்று மாளிகையின் சுவர்களில் வரிசையாகச் செதுக்கப்பட்டுள்ள பல்லவர் வரலாற்றுச் சிற்பங்கள். வாரிசின்றி மன்னன் இறந்தபின் நாட்டுப் பெரியோர் இரணியவர்மனை நாடி, அவன் புதல்வருள் ஒருவரை அரசனாகத் தருமாறு வேண்டுகின்றனர். மூத்தவர் மூவரும் மறுக்கின்றனர். பன்னிரண்டு வயதே நிரம்பிய இளைய மகன், “நான் செல்கிறேன்” என முன்வருகிறான். அவனே நந்திவர்மன். ஈசாயின் வீட்டில் மூத்த புதல்வர்களையெல்லாம் கடந்து, ஆடு மேய்க்கச் சென்றிருந்த கடைக்குட்டி தாவீதைச் சாமுவேல் திருநிலைப்படுத்திய நிகழ்ச்சி எவர்க்குத்தான் நினைவுக்கு வராது? நம் மறைக்கல்வி மாணவர்கள் அச்சிற்பங்களை விட்டு அகலவே இல்லை.

அவர்களை அழைத்துக்கொண்டு ஏகாம்பரநாதர் கோயிலை அடைந்தபோது நண்பகல் கடந்திருந்தது. கிருட்டிணதேவராயர் 1509இல் எழுப்பிய இராசகோபுரம் விண்ணை அளாவி நின்றது. ஆனால் நடை சாத்தப்பட்டிருந்தது. காஞ்சியின் பெரும்பாலான கோயில்கள் நண்பகலில் மூடப்பட்டு மாலை 4 மணி அளவிலேயே மீண்டும் திறக்கும் என்பதை நாம் கேட்டறியவில்லை. நாற்பது பேர், கைக்குழந்தைகள் மூன்று, கொளுத்தும் வெயில். தவறு முழுவதும் நம்முடையதே. அப்போதுதான் பாட்டி முன்வந்து, “எல்லாரும் வாங்க. நிழல் இருக்கிற இடம் எனக்குத் தெரியும்” என்றார். வழியெல்லாம் பின்தங்கி வந்தவர் இப்போது முன்னே நடந்தார். நாம் பின்தொடர்ந்தோம்.

பிள்ளையார்பாளையத்துத் தெருக்களில் தறியோசை கேட்டது. திண்ணை வைத்த வீடொன்றில் பாட்டி ஏதோ பேசினார். குடிக்கத் தண்ணீர் வந்தது. அமர இடம் கிடைத்தது. உள்ளே குழித்தறியில் ஒருவர் பட்டுச்சேலை நெய்துகொண்டிருந்தார். காஞ்சிப் பட்டின் தனிச்சிறப்புக் கோர்வை எனப்படும். சேலையின் உடலுக்கு ஒரு நிறம், கரைகளுக்கு வேறு நிறம். மூன்று நாடாக்கள் ஓட வேண்டும். நெசவாளர் ஒருவரால் மட்டும் இயலாது. மறுபக்கக் கரையின் நாடாவைத் தள்ள இன்னொருவர் அருகில் அமர வேண்டும். இவ்வாறு இழையோடு இழை கோத்து நெய்வதால், சேலை கிழிந்தாலும் கரை பிரியாது என்பர்.

பாட்டி அந்த இரண்டாவது இருக்கையையே நோக்கினார். “எட்டு வயசிலே அப்பா முன்பணம் வாங்கிட்டு என்னை அங்கே உட்கார வைச்சார் சாமி. விடிஞ்சா உட்காரணும், இருட்டினா எழுந்திருக்கணும். பள்ளிக்கூட மணி காதிலே விழும். கோயில் மணியும் விழும். ரெண்டுக்கும் போனதில்லை” என்றார். அவர் குரலில் கசப்பு இல்லை. பின் தறிக்காரரை நோக்கி, “இப்போ கரைக்கு யார் உட்கார்றது?” என்று கேட்டார். “என் சம்சாரம்தாம்மா. பிள்ளைங்க பள்ளிக்கூடம் போயிருக்கு” என்றார் அவர். “ரெண்டு பேருமா? பொண்ணுமா?” “பொண்ணு பத்தாவது படிக்குது.” பாட்டி சேலைத் தலைப்பால் கண்களைத் துடைத்துக்கொண்டார்.

நாம் பேச்சற்று நின்றோம். எத்தனையோ திருமணங்களை நாம் நடத்தி வைத்திருக்கிறோம். பீடத்தின்முன் காஞ்சிப் பட்டுடுத்தி நின்ற மணமகளிர் எத்தனை பேர்! அச்சேலைகளின் கரையில் ஒரு குழந்தையின் காலைப்பொழுதுகளும் மாலைப்பொழுதுகளும் நெய்யப்பட்டிருக்கக் கூடும் என்று நாம் ஒருபோதும் எண்ணியதில்லை. குழந்தைத் தொழிலாளர் சட்டம் 1986இல் வந்தது. கட்டாயக் கல்விச் சட்டம் 2009இல் வந்தது. பாட்டியின் குழந்தைப் பருவத்திற்கு அவை காலம் தாழ்ந்தே வந்தன.

மாலையில் நடை திறந்தபின் ஏகாம்பரநாதர் கோயிலில் கொடிமரம் வரை சென்று திரும்பினோம். இந்துக்கள் அல்லாதார்க்கு எல்லை குறிக்கும் பலகை இருக்குமிடங்களில் அதனை மதித்து நின்றுவிடுவதே பண்பு. நம் நற்கருணைப் பேழையை அணுகுவோரிடம் நாம் எதிர்பார்க்கும் மரியாதையை நாமும் பிறர்க்குத் தருதல் வேண்டுமன்றோ?

செல்ல விரும்பும் குடும்பங்கட்குச் சில குறிப்புகள். மார்கழி, தை மாதங்கள் ஏற்றவை. காலையில் கைலாசநாதரும் வைகுண்டப் பெருமாளும்; நண்பகலில் உணவும் ஓய்வும்; மாலையில் ஏகாம்பரநாதரும் வரதராசரும் என வகுத்துக்கொள்ளுங்கள். வரதராசர் கோயிலின் நூற்றுக்கால் மண்டபத்து மூலையில் தொங்கும் கற்சங்கிலியைக் குழந்தைகளுக்குக் காட்டுங்கள். மிளகும் சீரகமும் சுக்கும் மணக்கும் காஞ்சிபுரம் இட்டலியைச் சுவைக்க மறவாதீர்கள். நேரமிருப்பின் வேகவதிக்கு அப்பாலுள்ள திருப்பருத்திக்குன்றத்துச் சமணக் கோயிலின் விதான ஓவியங்களையும், 1909இல் இந்நகரில் பிறந்த அறிஞர் அண்ணாவின் நினைவில்லத்தையும் காணலாம். சமணரும் பௌத்தரும் சைவரும் வைணவரும் ஒருங்கு வாழ்ந்த ஊர் இது. ஏழாம் நூற்றாண்டில் வந்த சீனத்துறவி யுவான் சுவாங் இங்கே நூற்றுக்கும் குறையாத பௌத்த மடங்கள் இருந்ததாகக் குறித்துள்ளார். பட்டு வாங்குவோர், வழிகாட்டுவதாக வலிய வருவோரைத் தவிர்த்துக் கூட்டுறவுச் சங்க விற்பனை நிலையங்களுக்குச் செல்வது நலம். விலை பேசுமுன், தறியில் இருவர் அமர்ந்து நெய்ததை ஒருகணம் நினைத்துக்கொள்ளுங்கள்.

திரும்பும் வண்டியில் பாட்டி சொன்னபடியே செபமாலை சொன்னார். அன்றிரவு மாற்கு நற்செய்தியைத் திறந்தோம். எருசலேம் ஆலயத்தின் பெருங்கற்களைச் சுட்டிக்காட்டிச் சீடர் வியக்கும் பகுதி பதின்மூன்றாம் அதிகாரத்தின் தொடக்கத்தில் வருகிறது. அதற்குச் சற்று முன்னர்தான், அதே ஆலயத்தில், இரண்டு காசுகளைக் காணிக்கையிட்ட ஏழைக் கைம்பெண்ணை ஆண்டவர் சீடர்க்குக் காட்டுகிறார். பலமுறை மறையுரையாற்றிய பகுதிகள்தாம்; எனினும் இவ்விரண்டும் அடுத்தடுத்து நிற்பதன் பொருள் அன்றுதான் நமக்கு விளங்கிற்று. சீடர் கற்களைக் கண்டனர். ஆண்டவர் அவளைக் கண்டார். நாமும் அன்று பகல் முழுவதும் கற்களையே காட்டிக்கொண்டிருந்தோம்.

இவ்வாண்டும் ஒரு பயணம் செல்லத் திட்டமிட்டுள்ளோம். இம்முறை பட்டியலில் முதற்பெயர் எவருடையது என்பதை வாசக அன்பர்களுக்குச் சொல்லவேண்டியதில்லை. அதனை எழுதியது நம் கையே.