அடி வாங்கியது அது... பாடம் படித்தது நான்!

ராணுவத்தில் சேர்ந்தால் துப்பாக்கி தருவார்கள் என்றிருந்தேன். கொடுத்தது ஒரு கோவேறு கழுதையின் கயிறு! இமயமலையில் ஜீப் ஏறாத முகாம்களுக்கு அவைதான் சுமை தூக்கும்.

முதல் பாடம், ‘ருக்’ என்றால் நிற்பது. நிற்கவில்லை. ஆத்திரத்தில் குச்சியால் அடித்துவிட்டேன். ஒரு வாரம் என்னைக் கண்டாலே பின்வாங்கியது.

மதுரைக்கார ஹவில்தார் சொன்னார்: “அது முரண்டு இல்ல தம்பி, பயம். கயித்தை மெதுவா இழு. ஓரடி வெச்சதும் தளர்த்திடு. அதுதான் அதுக்குச் சம்பளம்.”

அப்படியே செய்தேன். பிறகு நான் நின்றால் நின்றது. காலைத் தட்டினால் குளம்பைத் தூக்கிக் கொடுத்தது. காதை மட்டும் கடைசிவரை தொடவிடவில்லை. அடி விழுந்த இடம் அது.

இப்போது பேரன் வாய்ப்பாட்டைத் தப்பாகச் சொன்னால் கை ஓங்கும். அந்தக் காது ஞாபகம் வரும், கை இறங்கிவிடும்.