வீடு வரைந்த கை எழுதிய புத்தகங்கள்

எஸ்தர் மெக்காய்க்கு ஆர்க்கிடெக்சர் பட்டம் கிடையாது. இரண்டாம் உலகப் போர் சமயத்தில் லாஸ் ஏஞ்சல்ஸில் ஒரு விமானத் தொழிற்சாலையில் வரைபடம் வரைந்து கொண்டிருந்தார். ஆர்க்கிடெக்சர் படிக்கலாம் என்று ஆசைப்பட்டபோது வயது நாற்பதை ஒட்டிவிட்டது, போதாக்குறைக்குப் பெண் வேறு. உங்களுக்கு இது சரிப்படாது என்று சொல்லிவிட்டார்கள். 1944-ல் ருடால்ஃப் ஷிண்ட்லர் என்ற ஆர்க்கிடெக்டிடம் வேலைக்குச் சேர்ந்தார். கிங்ஸ் ரோடில் இருந்த ஷிண்ட்லரின் வீடுதான் ஆபீஸ். அங்கே உட்கார்ந்து மூன்று வருடம் பிளான் வரைந்தார்.

கலிஃபோர்னியாவின் நவீன வீடுகள் என்றதும் பலருக்கு ஞாபகம் வருவது 1960-ல் ஜூலியஸ் ஷுல்மன் எடுத்த போட்டோதான். இரவு நேரம், மலை விளிம்பில் ஒரு கண்ணாடி அறை, உள்ளே இரண்டு பெண்கள், கீழே நகரம் முழுக்க விளக்குகள். பார்த்தால் ஏதோ கோடீஸ்வரர் வீடு என்றுதான் தோன்றும். ஆனால் இந்த வீடுகள் ஆரம்பித்த கதையே வேறு! 'ஆர்ட்ஸ் அண்ட் ஆர்க்கிடெக்சர்' பத்திரிகையின் ஆசிரியர் ஜான் என்டென்சா 1945 ஜனவரியில் ஒரு திட்டத்தை அறிவித்தார். போர் முடிந்து லட்சக்கணக்கானவர்கள் திரும்பி வருவார்கள், வீட்டுக்குப் பஞ்சம் வரும், புதிய பொருட்களை வைத்து நடுத்தரக் குடும்பத்துக்குக் கட்டுப்படியாகும் மாதிரி வீடுகளைக் கட்டிக் காட்டுவோம் என்றார்.

மெக்காய் 1962-ல் இந்த வீடுகளைப் பற்றிப் புத்தகம் எழுதினார். எஃகுத் தூண் எப்படி நிற்கிறது, கண்ணாடி எதில் பொருந்துகிறது, சமையலறையிலிருந்து முற்றம் தெரிகிறதா என்பதுதான் அவர் கவனம். உத்தரமும் சுவரும் சேருமிடத்தைக் கையால் வரைந்தவருக்கு 'அழகு' என்று சொல்லி நிறுத்திக்கொள்ள வராது போலிருக்கிறது. 1949-ல் முடிந்த ஈம்ஸ் தம்பதியின் வீட்டை எடுத்துக்கொள்ளுங்கள். தொழிற்சாலையில் ரெடியாகக் கிடைக்கும் எஃகு. முதல் பிளானுக்காக அது வந்து இறங்கிய பிறகு பிளானையே மாற்றி, ஏறக்குறைய அதே எஃகில் இன்னும் பெரிய இடத்தை வளைத்துவிட்டார்கள். காஸ்டிங் வகுப்பில் சொல்ல வேண்டிய கதை!

திட்டம் நினைத்தபடி நடக்கவில்லை. பெரிய பில்டர்கள் மர வீடுகளையே கட்டித் தள்ளினார்கள். மாதிரி வீடுகள் மாதிரியாகவே நின்றுவிட்டன, இன்றைக்கு அவற்றின் விலை மில்லியன் டாலர் கணக்கில்.

இதற்கு முன்பே, 1960-ல் வெளிவந்த 'ஐந்து கலிஃபோர்னியக் கட்டடக் கலைஞர்கள்' புத்தகத்தில் மெக்காய் செய்தது இன்னும் பெரிய காரியம். இர்விங் கில் 1936-ல் இறந்து, கிட்டத்தட்ட மறக்கப்பட்டுவிட்டவர். நகாசு வேலை எதுவும் இல்லாத கான்கிரீட் சுவர்களை அவர் 1910-களிலேயே கட்டினார். தரையும் சுவரும் சேரும் மூலையை வளைத்துவிடுவார், தூசி தங்காது, பெருக்குகிறவருக்கு இடுப்பு நோகாது. 'நவீனம் எல்லாம் ஐரோப்பாவிலிருந்து வந்தது' என்று பேசியவர்களுக்கு மெக்காய் இவரைக் காட்டினார்.

கில்லின் சிறந்த வீடு 1916-ல் முடிந்த டாட்ஜ் ஹவுஸ். அதுவும் கிங்ஸ் ரோடில்தான், ஷிண்ட்லர் வீட்டுக்குக் கிட்டத்தட்ட எதிரே. கணக்குப் புத்தகத்தில் ஐம்பது வருட வீட்டுக்கு மதிப்பு பூஜ்யம், அது நிற்கும் நிலத்துக்கோ ஏறிக்கொண்டே போகும். அதை இடிக்கும் பேச்சு எழுந்தபோது மெக்காய் கட்டுரை எழுதினார், ஆட்களைத் திரட்டினார், 1965-ல் ஒரு டாக்குமெண்டரியே எடுத்தார். 1970-ல் இடித்துவிட்டார்கள்.

அந்த இடத்தில் அபார்ட்மெண்ட் வந்தது. மெக்காய் பிளான் வரைந்த ஷிண்ட்லர் வீடு மட்டும் இன்னும் இருக்கிறது, யாரும் போய்ப் பார்க்கலாம்.