சீட்டில் வரும் பாட்டு

கல்யாண வரவேற்பில் எங்கள் கைக்கு வரும் துண்டுச் சீட்டுகளில் முக்கால்வாசி சினிமாப் பாட்டுதான். சினிமா நாகஸ்வரத்தைக் கெடுத்துவிட்டது என்று வருத்தப்படும் ரசிகர்கள் உண்டு. நாகஸ்வரம் ஊதிப் பிழைக்கும் நான் அதை ஏற்பதில்லை.

எங்கள் வாத்தியத்துக்குச் சொல் கிடையாது. சீவாளியில் நாக்கைத் தட்டித் துத்துக்காரம் போடலாம், துளையைப் பாதி மூடிக் கமகம் பிடிக்கலாம், மூச்சைக் கூட்டலாம், குறைக்கலாம். கேட்பவருக்கு வரிகள் முன்பே மனப்பாடமாக இருந்தால்தான் அந்தக் குழலுக்குள் பேச்சு கேட்கும். 'பாசமலர்' படத்தில் (1961) எல்.ஆர். ஈஸ்வரி பாடிய கல்யாணப் பாட்டை எடுத்தால், பந்தி பரிமாறுகிறவர் முதல் பெண்ணின் பாட்டி வரை உதடு அசையும். கீர்த்தனை தெரிந்த சில வீடுகளில் மட்டும் நாங்கள் பார்த்துவந்த உதட்டசைவு அது. சினிமா அதை எல்லா வீட்டுக்கும் கொண்டுவந்தது.

ராகத்துக்கு அது செய்த உதவி இன்னும் பெரிது. 'கொஞ்சும் சலங்கை'யில் (1962) எஸ். ஜானகியின் குரலோடு காருகுறிச்சி அருணாசலத்தின் நாகஸ்வரம் சேர்ந்து, ஆபேரியை டூரிங் டாக்கீஸ் மணல் தரைவரை கொண்டுபோனது. திரையில் வாசிப்பவர் ஜெமினி கணேசன், மூச்சு காருகுறிச்சியாருடையது. ரீதிகௌளையைப் பாருங்கள். 1977இல் 'கவிக்குயில்' படத்தில் இளையராஜா இசையில் பாலமுரளிகிருஷ்ணா அதைப் பாடினார். 1999இல் 'முதல்வ'னில் ரஹ்மான் தொட்டார். 2008இல் 'சுப்பிரமணியபுர'த்தில் ஜேம்ஸ் வசந்தன். அதனால் சீட்டில் இந்த மூன்றில் எது வந்தாலும் நான் உடனே பாட்டுக்குப் போகமாட்டேன். ராகத்தை நிதானமாக விரிப்பேன். தாத்தா ஒரு படத்தைக் கண்டுபிடிப்பார், பேரன் வேறொன்றை. பல்லவிக்கு நான் வந்து சேரும்போது ஆலாபனை முழுவதையும் அவர்கள் கேட்டு முடித்திருப்பார்கள். கச்சேரி சபாவுக்குப் போகாதவர்கள் அவர்கள்.

எல்லாப் பாட்டும் வாத்தியத்தில் உட்காராது என்பதும் உண்மை. மெட்டு இரண்டு மூன்று ஸ்வரத்திலேயே நின்று, தாளமும் சொல்லும் மட்டும் ஓடுகிற பாட்டில் எங்களுக்கு ஊத ஒன்றும் மிஞ்சாது. அப்போது தவில்காரரைப் பார்ப்பேன், அவர் எடுத்துக்கொள்வார்.

'தில்லானா மோகனாம்பாள்' (1968) பற்றிச் சொல்லாமல் எங்கள் ஆட்கள் யாரும் பேச்சை முடிப்பதில்லை. மதுரை சேதுராமன், பொன்னுசாமி சகோதரர்கள் வாசிக்க, சிவாஜி கணேசனும் ஏ.வி.எம். ராஜனும் விரலும் கன்னமும் பிசகாமல் நடித்தார்கள். கோயிலில் வாசிப்புக்கு நடுவே வாணவேடிக்கை வெடிக்கும். சிவாஜி ஏற்ற நாகஸ்வர வித்வான் சிக்கல் சண்முகசுந்தரம் கோபித்துக்கொண்டு நிறுத்திவிடுவார். ஊதுகிறவனுக்கும் மானம் உண்டு என்று அவ்வளவு பெரிய கூட்டத்துக்கு அதற்கு முன் யார் சொன்னார்கள்? கொத்தமங்கலம் சுப்பு விகடனில் தொடராக எழுதியபோது படித்தவர்களுக்குத் தெரிந்தது, படமானதும் படிக்காதவர்களுக்கும் தெரிந்தது. இன்றும் புது ஊரில் வாத்தியத்தை உறையிலிருந்து எடுத்தால் யாராவது ஒருவர் வந்து அந்தப் படத்தைப் பற்றிப் பேசுவார். அந்த மரியாதையில்தான் நான் உட்கார்ந்து வாசிக்கிறேன்.

எங்களைச் சுருக்கியது வேறு. மாப்பிள்ளை அழைப்பு ஊர்வலம் தெருத் தெருவாக நின்று நின்று போன காலத்தில் ராகம் வாசிக்க நேரம் இருந்தது. இப்போது கார் மண்டப வாசலில் வந்து நிற்கிறது. அங்கே செண்டை மேளம் காத்திருக்கிறது. உள்ளே நாங்கள் தொடங்கும்போதே ஒலிபெருக்கியில் பதிவு செய்த பாட்டும் ஓடுகிறது. அதே படப் பாட்டை உயிருள்ள மூச்சில் கேட்கும் வாய்ப்பை அந்த ஒலிபெருக்கி பறித்துவிடுகிறது.

உங்கள் வீட்டுக் கல்யாணத்துக்கு மேளம் சொன்னால், மாலையில் ஒரு அரைமணி நேரம் ஒலிபெருக்கியை நிறுத்தி வையுங்கள். எந்தப் படத்துப் பாட்டு வேண்டுமானாலும் சீட்டில் எழுதிக் கொடுங்கள். அதன் ராகத்தை முதலில் வாசிக்க மட்டும் எங்களை விடுங்கள்.